அன்பர் கழகத்தின் நல்லொழுக்கக் கேடயம்

குமுதாவுக்குக் காற்பந்து தெரியாது. கோல் விழுந்தால் யாருக்குக் கொண்டாட்டம் என்பதைக்கூடக் கத்துகிறவர்களின் சட்டை நிறத்தைப் பார்த்துத்தான் கண்டுபிடிப்பாள். அப்படிப்பட்டவளைப் பினாங்கு ஒற்றுமைக் காற்பந்துப் பேரவை தன்னுடைய நல்லொழுக்க மதிப்பீட்டு அதிகாரியாக நியமித்ததற்கு ஒரு காரணம் இருந்தது. போன வருடத்துப் பரிசளிப்பு விழாப் படத்தில் மேடையில் முப்பத்தொரு பேர் நின்றார்கள். முப்பத்தொரு பேருக்கும் மீசை. "பெண்களுக்கு இடமே இல்லையா?" என்று யாரோ பத்திரிகைக்குக் கடிதம் எழுதிவிட்டார்கள். பேரவைத் தலைவர், டத்தோ பட்டம் பெற்ற தேனப்பன், அதைப் படித்துவிட்டு, "ஒரு பொம்பளைய கண்டுபிடிங்க" என்று உத்தரவு போட்டார்.

செயலாளர் முனுசாமி மாஸ்டர் அதிக தூரம் அலையவில்லை. டத்தோ கிராமாட் பகுதியில் அவர் இருந்த அடுக்குமாடியில் இரண்டு மாடி கீழேதான் குமுதா குடியிருந்தாள். நாற்பத்திரண்டு வயது. பாயான் லெப்பாஸில் ஒரு தொழிற்சாலையில் பதினாறு வருடமாகத் தரப் பரிசோதகர். பூதக்கண்ணாடிக்குக் கீழே வருகிற மின்னணுச் சில்லுகளில் கீறல் எத்தனை, வெடிப்பு எத்தனை என்று எண்ணி எழுதுவது அவள் வேலை. மாஸ்டர் அவளை லிஃப்டில் மடக்கினார்.

"மாஸ்டர், எனக்குப் பந்தே தெரியாதே."

"பந்த யாரும்மா பாக்கச் சொன்னா? ஒழுக்கத்தப் பாரு. பாக்குறத அப்படியே மார்க்கு பாரத்துல எழுது. அவ்ளோதான் லா."

மாஸ்டர் பள்ளிக்கூடத்தில் முப்பது வருடம் கட்டொழுங்கு ஆசிரியராக இருந்தவர். அவர் சொல்லி யாரும் மறுத்துப் பேசி அவள் பார்த்ததில்லை. சரி என்றாள்.

முதல் ஆட்டத்துக்குப் போன அன்று நுழைவாயிலில் பெரிய சிவப்பு வாளி ஒன்று இருந்தது. உள்ளே வருகிற ஒவ்வொருவரும் கைப்பேசியை அதில் போட வேண்டும். இதற்குச் 'சமூக ஊடக ஒழுக்க வாளி' என்று பெயர். இரண்டு வருடத்துக்கு முன்பு ஒரு பக்கவாட்டு நடுவரைத் துரத்தி மழைமரத்தில் ஏற்றிவிட்டார்கள். அவர் இறங்குவதற்குள் அந்தக் காணொளியை எட்டு லட்சம் பேர் பார்த்துவிட்டார்கள். பேரவை அவசரக் கூட்டம் போட்டு, விளையாட்டுக்கு நேர்ந்த இந்தக் களங்கம் இனி நேரக்கூடாது என்று முடிவு செய்து, வாளி வாங்கியது.

அன்று ஜோர்ஜ்டவுன் அன்பர் கழகத்துக்கு ஆட்டம். டத்தோ தேனப்பனே அதன் புரவலர். இரண்டு அணியும் வரிசையாக நின்று வலது கையை நெஞ்சில் வைத்து, "எதிராளி என் சகோதரன், அவன் வலி என் வலி" என்று உறுதிமொழி எடுத்தார்கள். குமுதாவுக்கு மெய்சிலிர்த்தது. பாரத்தில் உறுதிமொழிக்கு ஐந்து மதிப்பெண் போட்டாள். பிறகு கைகுலுக்கல். அன்பர் கழகத்தின் அணித் தலைவன் லோகேந்திரன், எல்லோரும் லோகா என்று கூப்பிடுவார்கள், எதிரணிக் கோல்காவலரின் கையைப் பிடித்தான். பிடித்தவன் விடவில்லை. சிரித்துக்கொண்டே குலுக்கினான். முருங்கைக்காய் ஒடிகிற சத்தம் இரண்டு முறை கேட்டது. கோல்காவலர் மண்டியிட்டு உட்கார்ந்துவிட்டார். அவருடைய நடுவிரல் பின்பக்கமாகத் திரும்பிப் புறங்கையைப் பார்த்துக்கொண்டிருந்தது.

குமுதா பதறிப்போய் மாஸ்டரிடம் ஓடினாள். "மாஸ்டர், விரலை ஒடிச்சிட்டான்!"

"கைகுலுக்கல் நடந்துச்சா இல்லையா?"

"நடந்துச்சு... ஆனா..."

"அப்ப அஞ்சு மார்க்கு போடும்மா. இதுல என்ன குழப்பம்?"

அவள் பாரத்தை மேலும் கீழும் பார்த்தாள். சீருடைச் சுத்தத்துக்கு ஐந்து, பதாகையை நேராகப் பிடித்ததற்கு ஐந்து, புன்னகைக்கு ஐந்து. விரலுக்குக் கட்டம் இல்லை. அடியில் 'சிறப்புக் குறிப்பு' என்று ஒரே ஒரு கோடு இருந்தது. அதில் 'எட்டுச் சொற்களுக்கு மிகாமல்' என்று அச்சடித்திருந்தது. 'விரல் ஒடிந்தது' என்று எழுதினாள். இன்னும் ஆறு சொல் மிச்சம் இருந்தது.

ஆட்டம் முடிவதற்குள் இன்னும் மூன்று பேரைத் தூக்கிக்கொண்டு போனார்கள். ஒருவனுக்குப் பல். ஒருவனுக்குத் தோள்பட்டை. மூன்றாமவனுக்கு என்ன என்று யாருக்கும் தெரியவில்லை, அவன் பெயரைக் கேட்டால் பதில் சொல்லவில்லை. நடுவர் பஷீர் ஊதினார், ஓடினார், கையை ஆட்டினார். ஆனால் ஒரு தடவைகூட மஞ்சள் அட்டையோ சிவப்பு அட்டையோ எடுக்கவில்லை. பகலில் பள்ளி பஸ் ஓட்டுகிற மனுஷர், ஐம்பத்தைந்து வயது. இடைவேளையில் தண்ணீர் குடிக்க வந்தவரிடம் குமுதா கேட்டாள்.

"அண்ணே, அட்டை காட்ட மாட்டீங்களா?"

பஷீர் தன் சட்டைப் பையைக் காட்டினார். பையின் வாய் நெருக்கமாகத் தைக்கப்பட்டிருந்தது.

"வீட்டுக்காரி தச்சிட்டா தங்கச்சி. போன சீசன்ல ஒரு மஞ்சள எடுத்தேன், ரெண்டு விலா எலும்பு போச்சு. அட்டைய எடுத்தாத்தான அடிப்பானுங்க, எடுக்கவே முடியாம பண்ணிட்டா."

"அப்ப அட்டை?"

"உள்ளதான் இருக்கு. சட்டப்படி நடுவர் அட்டை வச்சிருக்கணும். வச்சிருக்கேன்."

ஒரு மஞ்சளுக்கு ஐந்து மதிப்பெண் கழியும், ஒரு சிவப்புக்குப் பத்து. அன்பர் கழகத்துக்கு அன்று ஒரு மதிப்பெண்கூடக் கழியவில்லை. பட்டியலில் அவர்கள்தான் முதலிடம்.

மே மாதத்தில் செபராங் ஜெயாவில் ஒரு தங்கும் விடுதி மண்டபத்தில் பேரவை கருத்தரங்கு நடத்தியது. தலைப்பு 'விளையாட்டில் அகிம்சை'. காலை ஒன்பது மணிக்குக் குத்துவிளக்கு ஏற்ற வேண்டும். ஐந்து திரிகளுக்கு ஆறு கழகங்களின் புரவலர்களை அழைத்துவிட்டார்கள். நான்கு திரி அமைதியாக எரிந்தது. ஐந்தாவதுக்கு மெழுகுவர்த்தியோடு இரண்டு பேர் குனிந்தார்கள். ஒருவர் தலை இன்னொருவர் தலையில் இடித்தது. தற்செயலாக இடித்ததா என்பதை முடிவு செய்ய ஒருவர் மற்றவரின் வேட்டியைப் பற்றவைத்தார். அவர் விளக்கை எரிகிற திரிகளோடு தூக்கினார். நான்கடி உயரப் பித்தளை விளக்கு. அதைச் சுற்றி வீசலாம் என்று குமுதாவுக்கு அன்றுவரை தெரியாது. வரவேற்புரை சொல்ல நின்ற ஆளுக்குத் தலையில் பதினொரு தையல். எண்ணெய் வழுக்கி விழுந்து மாஸ்டருக்கு மணிக்கட்டு பிசகியது. எல்லோரும் சேர்ந்து தீயை அணைத்து, தேநீர் குடித்துவிட்டுக் கருத்தரங்கைத் தொடர்ந்தார்கள்.

கருகிய திரைச்சீலைக்கு முன்னால் நின்று டத்தோ தேனப்பன் பேசினார்.

"முன்னயெல்லாம் நம்ம பிள்ளைங்க ரோட்டுல அடிச்சிக்கிட்டாங்க. கேங்ஸ்டர்னு பேரு வாங்கினாங்க. சமுதாயமே தலைகுனிஞ்சு நின்னுச்சு. பேரவை என்ன செஞ்சது? அந்த அடிய ரோட்டுலேருந்து திடலுக்குக் கொண்டு வந்தது! ஜெர்சி கொடுத்தோம். நம்பர் கொடுத்தோம். தொண்ணூறு நிமிஷத்துக்குள்ள முடிச்சிக்கணும்னு ஒரு கட்டுப்பாடு கொண்டு வந்தோம். இன்னைக்கு ரோட்டுல அடி வாங்குனா அது குற்றம். திடல்ல வாங்குனா அது அனுபவம்!"

கைதட்டல் நீண்ட நேரம் ஓயவில்லை. கட்டுப் போடாத கை இருந்தவர்கள் எல்லோரும் தட்டினார்கள்.

அரையிறுதியில் அன்பர் கழகத்துக்கு எதிராக வந்தது தாசேக் கெலுகோர் இளைஞர் அணி. செம்பனைத் தோட்டத்துப் பக்கத்துப் பையன்கள். அவர்களில் கோகுலன் என்று ஒருவன் இருந்தான். இருபத்து மூன்று வயது, டயர் கடையில் வேலை. ஒல்லி. பந்து காலில் ஒட்டிக்கொண்ட மாதிரி ஓடுவான். காற்பந்து தெரியாத குமுதாவே பாரத்தைக் கீழே வைத்துவிட்டு அவனைப் பார்த்தாள். பன்னிரண்டாம் நிமிடத்தில் ஒரு கோல். நாற்பதாம் நிமிடத்தில் இன்னொன்று. ஐம்பத்தொன்பதாம் நிமிடத்தில் லோகாவின் கால்களுக்கு நடுவில் பந்தை விட்டு, சுற்றிப் போய் எடுத்து, மூன்றாவதையும் போட்டான். இருநூறு பேர் சிரித்தார்கள். அன்பர் கழகத்து ஆட்களே சிலர் சிரித்துவிட்டார்கள். லோகா சிரிக்கவில்லை.

ஆட்டம் மறுபடி தொடங்கியதும் பந்து திடலின் அந்தக் கோடியில் இருந்தது. கோகுலன் நடுத்திடலில் இடுப்பில் கைவைத்து மூச்சு வாங்கிக்கொண்டு நின்றான். லோகா பின்னாலிருந்து ஓடி வந்து, இரண்டு காலையும் சேர்த்து அவன் வலது முழங்காலுக்குக் கீழே குதித்தான். காய்ந்த மட்டை முறிகிற சத்தம் குமுதா உட்கார்ந்திருந்த மேசைவரை கேட்டது.

பஷீர் ஊதிக்கொண்டே ஓடினார். கோகுலனின் காலைப் பார்த்தார். பாதம் வேறு திசையில் கிடந்தது. அந்த மனுஷருக்கு என்ன தோன்றியதோ, இரண்டு கையாலும் சட்டைப் பையைப் பிடித்து இழுத்தார். தையல் கிழிந்தது. சிவப்பு அட்டை வெளியே வந்தது. அதைத் தலைக்குமேல் தூக்குவதற்குள் மூலைக்கொடிக் கம்பால் ஒருவன் அவர் முழங்கையில் அடித்தான். அட்டை பறந்தது. ஏழெட்டுப் பேர் அவரைச் சூழ்ந்தார்கள். அவர் குனிந்து, தவழ்ந்து, வேலியேறிக் குதித்து, தன் பள்ளி பஸ்ஸுக்குள் போய்க் கதவை மூடிக்கொண்டார்.

நடுவர் இல்லாத திடலில் லோகா தன் வேலையைத் தொடர்ந்தான். விலாவில் உதைத்தான். வயிற்றில் உதைத்தான். கோகுலன் கையால் முகத்தை மூடினான், கையோடு சேர்த்து உதைத்தான். தாசேக் கெலுகோர் பையன்கள் ஓடிவந்தார்கள், மற்ற பத்து அன்பர்களும் அவர்களைப் பார்த்துக்கொண்டார்கள். குமுதா எழுந்து நின்று "விடுங்கடா! விடுங்கடா!" என்று கத்தினாள். அவள் குரல் கூட்டத்தின் கூச்சலில் கரைந்தது. திடலுக்குள் இறங்கப் போனவளை மாஸ்டர் கட்டுப் போட்ட கையால் தடுத்தார். "அதிகாரி கோட்ட தாண்டக்கூடாதும்மா. விதி."

பயமாக இருந்தது. அவள் கை மட்டும் பதினாறு வருடப் பழக்கத்தில் நகர்ந்துகொண்டிருந்தது. மேசையிலிருந்த கடிகாரத்தைப் பார்த்து எழுதினாள். 61:20, வலது விலா. 61:24, வயிறு. 61:31, வயிறு. 61:40, முகம், கையோடு. கோடு தீர்ந்தது. பாரத்தைத் திருப்பிப் பின்பக்கம் எழுதினாள். பின்பக்கமும் தீர்ந்து, வேறு பாரத்தை எடுத்தாள். லோகா களைத்துப் போய் நிறுத்தியபோது பதினேழு வரி இருந்தது.

பெரிய ஆஸ்பத்திரியில் கோகுலனுக்கு மண்ணீரலை எடுத்தார்கள். காலில் இரண்டு இடத்தில் இரும்புத் தகடு வைத்தார்கள். இடது கண்ணில் வெளிச்சம் மட்டும் தெரிகிறது என்றான். இனி ஓட முடியாது என்று டாக்டர் அவன் அக்கா ஷர்மினியிடம் சொல்லியிருந்தார். அவனிடம் யாரும் சொல்லவில்லை.

பேரவையின் நெறிக்குழு நான்கு நாளில் விசாரணையை முடித்தது. நடுவர் திடலை விட்டுப் போன அந்த நொடியிலேயே ஆட்டம் முடிந்துவிட்டது, ஆகையால் அதற்குப் பிறகு நடந்தது எதுவும் விளையாட்டு அல்ல, பேரவைக்கு அதில் அதிகாரம் இல்லை என்றது. அதற்கு முன் நடந்ததற்கு அட்டை காட்டப்படவில்லை, ஆகையால் அது நடக்கவில்லை. ஆட்டத்தை முடிக்காமல் ஓடிய பஷீருக்கு இரண்டு வருடத் தடை. அணி பாதியில் கலைந்ததால் தாசேக் கெலுகோர் தோற்றதாக அறிவிப்பு. அனுமதியில்லாமல் பதினான்கு நிமிடம் திடலில் படுத்திருந்து நேரத்தை வீணாக்கியதற்காகக் கோகுலனுக்கு இரண்டு ஆட்டம் தடை. அட்டையே வாங்காத அன்பர் கழகத்துக்கு இந்த வருடத்து நல்லொழுக்கக் கேடயம்.

குமுதாவைப் பேரவை அலுவலகத்துக்கு வரச்சொன்னார்கள். டத்தோ தேனப்பன் அவளுக்குக் கோப்பி வரவழைத்தார். அவள் எழுதிய தாள்களை மேசையில் விரித்து வைத்திருந்தார்.

"அழகான கையெழுத்தும்மா. ஆனா குறிப்பு எட்டு வார்த்தைதான். நீ எவ்ளோ எழுதியிருக்க பாரு."

"பதினேழு உதை டத்தோ. எட்டு வார்த்தையில அடங்கல."

"'சிறு சலசலப்பு, பின் சுமுகம்.' நாலே வார்த்த. மாஸ்டரு எழுதி வச்சிருக்காரு. நீ கையெழுத்து மட்டும் போடு."

"அந்தப் பையனுக்குக் கண்ணு போச்சு டத்தோ."

டத்தோவின் குரல் கனிந்தது. "எனக்கு வருத்தம் இல்லன்னு நெனைக்கிறியா? நேத்து சாமி ரூம்புல அழுதேன். ஆனா யோசிச்சுப் பாரு. இந்த விஷயம் போலீசுக்குப் போனா யாருக்கு அசிங்கம்? அடிச்சவனுக்கா? இல்ல. சமுதாயத்துக்கு. லோகா யாரு? என் டிரைவர். என் பிள்ள மாதிரி. அவன நான் தப்பு சொன்னா நாளைக்கு எந்தப் பிள்ள எனக்காக விளையாடுவான்? பேரவைங்கறது குடும்பம்மா. குடும்பத்துல அப்பா அடிப்பாரு, அண்ணன் அடிப்பான். யாராச்சும் போலீஸ் பாலாய்க்கு போவாங்களா?"

பேரவை விதியும் அதையே சொன்னது. போலீசில் புகார் கொடுக்கிற ஆட்டக்காரருக்கு ஆயுள் தடை.

குமுதா தாள்களை எடுத்து மடித்துக் கைப்பையில் வைத்தாள். கோப்பியைக் குடிக்கவில்லை. "யோசிச்சு சொல்றேன் டத்தோ" என்றாள். அதைத் தாண்டிச் சொல்ல அப்போது அவளுக்குத் தைரியம் வரவில்லை.

அன்று சாயந்திரம் ஆஸ்பத்திரிக்குப் போனாள். கோகுலன் சாய்ந்து படுத்திருந்தான். கையில் பேரவையின் கடிதம்.

"நீங்கதானக்கா அந்த மேசையில இருந்தீங்க? பாத்தீங்களா, ரெண்டு மேட்ச்தான் தடை. நான் ஆயுசுக்கும் போட்டுருவாங்களோன்னு பயந்துட்டேன்." கட்டுப் போட்ட முகத்தில் சிரிப்பு கோணலாக வந்தது. "எனக்கு ஒண்ணும் ஞாபகம் இல்லக்கா. மூணாவது கோல் ஞாபகம் இருக்கு. அப்புறம் இங்க முழிச்சேன். பதினாலு நிமிஷம் படுத்துட்டேனாம். தப்புதான? மன்னிப்புக் கடிதம் ஒண்ணு எழுதித் தரீங்களா? எனக்குக் கையெழுத்து நல்லா வராது."

ஷர்மினி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். "எழுதலாம் தம்பி, எழுதலாம்" என்று சொல்லிவிட்டு வெளியே வந்த குமுதா, பஸ் நிறுத்தத்தைத் தாண்டி நடந்து, நேராகப் போலீஸ் நிலையத்துக்குப் போனாள். ஆட்டக்காரர்தான் புகார் கொடுக்கக்கூடாது. அவளுக்குப் பந்தே தெரியாது.

சார்ஜன் நோர்மா புகாரை எழுதிக்கொண்டு, இரண்டு வாரம் அலைந்து விசாரித்தார். பிறகு குமுதாவைக் கூப்பிட்டு மலாயில் சொன்னார்: "அக்கா, அன்பர் பக்கத்து ஆட்கள் ஐம்பத்தெட்டுப் பேரை விசாரித்தேன். அந்த நேரத்தில் ஐம்பத்தெட்டுப் பேரும் கழிவறையில் இருந்திருக்கிறார்கள். திடலில் இருப்பது ஒரே ஒரு கழிவறை." புகார்ப் புத்தகத்தை மூடினார். "காணொளி இல்லை. எதிரணிப் பையன்கள் ஆயுள் தடைக்குப் பயந்து வாயைத் திறக்கவில்லை. நடுவர் பஸ்ஸுக்குள் படுத்திருந்தாராம். எழுதி வைத்தது நீங்கள் ஒருவர்தான். ஒருவர் எழுதியதை மட்டும் வைத்துக்கொண்டு நான் எவ்வளவு தூரம் போவது?"

இறுதியாட்டம் ஞாயிற்றுக்கிழமை காலையில் நடந்தது. இடைவேளைக்குப் பிறகு எதிரணி திடலுக்குத் திரும்பாததால் அன்பர் கழகம் வென்றது. பிற்பகலில் மண்டபத்தில் பரிசளிப்பு. புகார் கொடுத்தது யார் என்று நோர்மா வெளியே சொல்லவில்லை. நல்லொழுக்கக் கேடயத்துக்கான பாராட்டுரையை வாசிக்க வேண்டியவர் பேரவையின் ஒரே பெண் அதிகாரி. "சேலை கட்டாயம்" என்று மாஸ்டர் மூன்று முறை ஃபோனில் சொன்னார். குமுதா சேலை கட்டிக்கொண்டு போனாள். ஒரு விருந்தாளியையும் அழைத்துப் போனாள். மலாய்ப் பெண்கள் உடுத்தும் பாஜு கூரோங் போட்டு வந்த அந்த அம்மாள் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்து மீ ஹூன் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

மாஸ்டர் கொடுத்த பாராட்டுரையை மேடையில் குமுதா பிரிக்கவில்லை. கைப்பையிலிருந்து தன் தாள்களை எடுத்தாள். ஒலிபெருக்கியைப் பிடித்துக்கொண்டாள். வாசித்துவிட்டு இறங்கிப் போய்விட வேண்டும், ஒரு தடவையாவது எல்லோர் காதிலும் விழ வேண்டும், அவ்வளவுதான் அவள் நினைத்திருந்தது.

"அறுபத்தொண்ணாவது நிமிஷம், இருபதாவது செகண்ட். லோகேந்திரன். வலது விலா."

கூட்டத்துக்கு நிமிடமும் செகண்டும் லோகாவின் பெயரும்தான் கேட்டது. அன்பர்கள் "ஒண்ணு!" என்று கத்தினார்கள்.

"இருபத்து நாலாவது செகண்ட். வயிறு."

"ரெண்டு!" மேளம் ஒன்று சேர்ந்துகொண்டது.

ஆறாவதுக்கு விசில் பறந்தது. பத்தாவதுக்கு நாற்காலிமேல் ஏறி நின்றார்கள். லோகா முன்வரிசையில் உட்கார்ந்து தலையை ஆட்டிக் கேட்டுக்கொண்டிருந்தான், பள்ளிக்கூடத்தில் பரிசு வாங்குகிற பிள்ளையின் முகத்தோடு. "பதினேழு" என்று முடித்ததும் மண்டபம் அதிர்ந்தது. அப்போது லோகா எழுந்து கையைத் தூக்கினான்.

"அக்கா, கணக்கு தப்பு. பத்தொம்போது."

மேளம் நின்றது.

"ரெண்ட விட்டுட்டீங்க. மொதல்ல கால ஒடச்சேன் பாருங்க, அதுக்கப்புறம் முதுகுல ரெண்டு வச்சேன். நீங்க அப்ப ரெஃப்ரி ஓடுறத பாத்துக்கிட்டு இருந்தீங்க. நான் கவனிச்சேன்."

அது உண்மை. குமுதா பஷீரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். பதினாறு வருடத்தில் விட்டுப்போன குறையை எவராவது சுட்டிக்காட்டினால் அவள் செய்வதையே இப்போதும் செய்தாள். பேனாவைத் திறந்தாள்.

"எந்த நேரம் தம்பி?"

"நீங்க சொன்ன அந்த இருபதாவது செகண்டுக்கு முன்னாடி. ரெண்டும் இடுப்புக்கு மேல."

"எழுதிட்டேன். திருத்தம் பண்ணா சம்பந்தப்பட்டவர் கையெழுத்து வேணும். இங்க போடுங்க."

லோகா மேடையேறி வந்து, பெரிதாக, தன் ஜெர்சி எண்ணையும் சேர்த்துக் கையெழுத்துப் போட்டான். டத்தோ தேனப்பன் ஒலிபெருக்கியைப் பிடுங்கினார். அவர் கண்களில் நீர்.

"பாத்தீங்களா! ரெண்டு கொறச்சு சொன்னப்ப சும்மா இருந்திருக்கலாம். இருந்தானா? உண்மைய மறைக்காம எழுந்து நின்னு சொன்னான். இதுதான் நல்லொழுக்கம்! இதுக்குத்தான் இந்தப் பேரவை!"

கேடயத்தை லோகாவின் கையில் கொடுத்தார். மூன்றாவது வரிசை அம்மாள் மீ ஹூன் தட்டைக் கீழே வைத்து, கையைத் துடைத்துக்கொண்டு மேடைக்கு வந்தார். படம் எடுத்துக்கொள்ள வருகிறார் என்று டத்தோ நகர்ந்து இடம் விட்டார்.

"சார்ஜன் நோர்மா" என்றார் அந்த அம்மாள், அடையாள அட்டையைக் காட்டி. "அந்தத் தாளை நான் எடுத்துக்கொள்கிறேன்." சீருடை இல்லாததால் அவர் விசாரித்த ஐம்பத்தெட்டுப் பேரில் ஒருவருக்கும் அதுவரை அவரை அடையாளம் தெரியவில்லை.

மாஸ்டர்தான் முதலில் பாய்ந்தார். குமுதா தாளை ரவிக்கைக்குள் செருகிக்கொண்டாள். அடுத்து முன்வரிசை மேடையேறியது. ஒலிபெருக்கித் தண்டு, நாற்காலி, வெற்றிக் கிண்ணம், கையில் கிடைத்த எல்லாம் காற்றில் பறந்தது. யார் யாரை அடிக்கிறார்கள் என்று தெரியாமல் அன்பர்களே அன்பர்களை அடித்தார்கள். நல்லொழுக்கக் கேடயத்தின் கூர்மையான முனை குமுதாவின் நெற்றியில் இறங்கியது. ரத்தம் கண்ணை மறைத்தது. நோர்மா ஒரு கையால் அவளை இழுத்துக்கொண்டு, மறு கையால் வழியில் நின்றவர்களைத் தள்ளிக்கொண்டு சமையலறை வழியாக வெளியே கொண்டுவந்தார். ஏழு தையல். யார் கேடயத்தை வீசியது என்று கேட்டபோது, நூற்றிருபது பேர் கழிவறையில் இருந்ததாகச் சொன்னார்கள். மண்டபத்தில் கழிவறை ஆறு இருந்ததால் இந்த முறை அது கொஞ்சம் நம்பும்படியாக இருந்தது.

கையெழுத்து விஷயம் பரவியதும் பஷீர் வந்து சாட்சி சொன்னார். தாசேக் கெலுகோர் பையன்கள் ஒவ்வொருவராக வந்தார்கள். லோகா நீதிமன்றத்தில் குற்றத்தை ஒப்புக்கொண்டான். அங்கேயும் பத்தொன்பது என்றுதான் சொன்னான். தீர்ப்புக்கு முன்னால் பார்வையாளர் வரிசையை ஒரு சுற்றுப் பார்த்தான். பேரவையிலிருந்து ஒருவரும் வரவில்லை. நெற்றியில் தழும்போடு உட்கார்ந்திருந்த குமுதாவைப் பார்த்து மெதுவாகக் கேட்டான்.

"டத்தோ வரலியாக்கா?"

இல்லை என்று தலையசைத்தாள். அன்று காலைப் பத்திரிகையில், லோகேந்திரன் என்பவர் பேரவையில் எந்தக் காலத்திலும் உறுப்பினராக இருந்ததில்லை என்று டத்தோவின் அறிக்கை வந்திருந்தது. அவனிடம் அதைச் சொல்ல அவளுக்கு மனம் வரவில்லை. நான்கு வருடம் என்றார் நீதிபதி. லோகா அப்போதும் வாசல் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தான். பேரவை நல்லொழுக்க மதிப்பீட்டு அதிகாரியாக வேறொரு பெண்ணை நியமித்தது. அடுத்த சீசனுக்கு இரண்டு வாளி வாங்கினார்கள்.

தீர்ப்பு வந்த மறுவாரம் குமுதா தாசேக் கெலுகோருக்குப் போனாள். கோகுலன் வீட்டு முன்னால் ஊன்றுகோலைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தான். ஷர்மினி வாசலிலேயே சொன்னாள். "எல்லாம் தெரிஞ்சிருச்சுக்கா. டாக்டரே சொல்லிட்டாரு. மூணு நாளா யார்கிட்டயும் பேசல."

குமுதா அவன் எதிரில் உட்கார்ந்தாள். நீதிமன்றத்தில் நடந்ததைச் சொன்னாள். அவன் கேட்டுக்கொண்டிருந்தானா என்றே தெரியவில்லை. கடைசியில் அவளைத் திரும்பிப் பார்த்தான், நல்ல கண் இருந்த பக்கமாக முகத்தைச் சாய்த்து.

"அந்தத் தாளு வச்சிருக்கீங்களா?"

"நகல் இருக்கு."

"படிங்கக்கா. என்ன நடந்துச்சுன்னு ஊரே கேட்டிருச்சு. நான் கேக்கல."

"வேணாம்டா தம்பி" என்றாள் ஷர்மினி.

"படிங்க."

குமுதா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படித்தாள். மண்டபத்தில் படித்த அதே வரிகள். இங்கே மேளம் இல்லை. கோகுலன் ஒவ்வொன்றுக்கும் தன் உடம்பில் அந்த இடத்தைத் தொட்டுப் பார்த்தான். விலா. வயிறு. தாடை. ஒன்பதாவது வரியில் அவள் தயங்கினாள்.

"என்னக்கா?"

"இதுல உதை மட்டும் இல்ல. பக்கத்துல இன்னொண்ணு எழுதியிருக்கேன். மண்டபத்துல வாசிக்கல. 'எழுந்திருக்க முயன்றார்'னு."

"யாரு?"

"நீதான்."

அவன் நிமிர்ந்து உட்கார்ந்தான். "ஒடஞ்ச காலோடயா?"

"ஆமா. கைய ஊனி முட்டி வரைக்கும் வந்துட்ட. அப்புறம் அவன் மறுபடி..."

"எத்தன தடவ?"

குமுதா விரலை வைத்துத் தாளைக் கீழ்வரை பார்த்தாள். "ரெண்டு. இல்ல, மூணு. பதினஞ்சாவதுக்கு அப்புறமும் ஒருதரம்."

கோகுலன் தன் வலது முட்டியைத் தொட்டுப் பார்த்தான். சாலையில் செம்பனைக் குலை ஏற்றிய லோரி ஒன்று போனது. அவன் உதடு நடுங்கியது. அழப் போகிறான் என்று ஷர்மினி பக்கத்தில் வந்தாள். அவன் கையைக் காட்டி அவளை நிறுத்தினான்.

"மிச்சத்தையும் படிங்கக்கா" என்றான்.